குருவிக் குடும்பம்

இப்படிக் கிட்ட வந்து உட்காருங்கம்மா. அந்தப் பக்கம் ஏசிக் காற்று நேராக மண்டையில் அடிக்கும். விமானம் இரண்டு மணி நேரம் தாமதம் என்று இப்போதுதானே சொன்னார்கள். அவர்கள் இரண்டு என்றால் நாம் மூன்று என்று வைத்துக்கொள்ள வேண்டியதுதான். பையை நடுவில் வையுங்கள், நான் பார்த்துக்கொள்கிறேன்.

கையில் என்ன, கவுண்டரில் கொடுத்த ஃபாரமா? அதானே பார்த்தேன். அடிக்கடி பறக்கிறவர்களுக்கு மைல் சேர்த்துத் தருகிற திட்டம். கம்பெனிக்காரன் அதை மைல் என்பான், நாங்கள் பாயிண்ட் என்போம். நல்ல திட்டம்தான், குறை சொல்லமாட்டேன். ஆனால் ஒன்று. அதை நீங்களே எழுதுங்கள். எழுத்துக் கூட்டித்தான் எழுத வருமென்றாலும் நீங்களே எழுதுங்கள். பக்கத்தில் இருக்கிற பெரியவர் யாராவது நான் எழுதித் தருகிறேன் என்று கையை நீட்டினால் கொடுத்துவிடாதீர்கள். என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

என் பேர் இருதயராஜ். திருச்சி பாலக்கரை. எட்டாம் வகுப்பு வரைக்கும் படித்தேன், அதில் பாஸ் ஆனது ஏழு. பதினேழு வருஷமாகக் குருவி. குருவி என்றால் தெரியாதா? கடைக்கார முதலாளி டிக்கெட் போட்டுக் கொடுப்பார். அவருடைய சரக்கை நம் பெட்டியில் போட்டுக்கொண்டு போய்ச் சிங்கப்பூரில் இறக்கவேண்டும். அங்கேயிருந்து வேறு சரக்கை ஏற்றிக்கொண்டு அடுத்த விமானத்திலேயே திரும்பவேண்டும். போகும்போது சேலை, வளையல், அப்பளம், மணப்பாறை முறுக்கு. வரும்போது சென்ட், தைலம், பால் பவுடர். தங்கம் கிங்கம் நான் தொட்டதில்லை. சத்தியமாகத் தொட்டதில்லை. அந்த விஷயத்தில் நான் சுத்தம்.

எண்ணூறு தடவையாவது சிங்கப்பூர் போயிருப்பேன். ஊர் எப்படி இருக்கும் என்று கேட்டால் ஒரு சந்தும் ஒரு கக்கூஸும்தான் சொல்லத் தெரியும்.

எங்கள் கூட்டத்தில் ஐந்து பேர். நான், கரூர் நாச்சிமுத்து, புதுக்கோட்டைக்காரர்கள் இரண்டு பேர், அப்புறம் முசிறி பவுனாம்பாள். புருஷன் செத்துப் பதினொரு வருஷம் ஆனவள். கஸ்டம்ஸில் அவள் பாஸ்போர்ட்டைப் பார்த்துவிட்டு ஒரு அதிகாரி, "பேரே பவுனா? பொட்டியில எவ்வளவு பவுனு?" என்று கேட்டார். "பேர்ல இருக்கறதுதான் சார் மொத்தமே. அதுக்கும் வரி போடுவீங்களா?" என்றாள். அவர் சிரித்துவிட்டு விட்டுவிட்டார். அப்படி ஒரு வாய். ஆனால் எழுதப் படிக்கத் தெரியாது. கையெழுத்து மட்டும் போடுவாள், கோலம் போடுகிற மாதிரி.

ஆகவே ஐந்து பேருக்கும் இமிக்ரேஷன் ஃபாரம் எழுதுவது நான்தான். விமானம் இறங்குவதற்குள் எழுதி முடித்துவிடுவேன். அதனால் எனக்கு ஒரு மரியாதை இருந்தது. "அண்ணன் எழுதினா சரியா இருக்கும்" என்பாள் பவுனாம்பாள். அந்த வார்த்தைதான் இப்போது முள் மாதிரி நிற்கிறது.

ஒரு தடவை என் பக்கத்து சீட்டில் ஒரு சிங்கப்பூர்க்காரர். நான் வாரம் ஒரு நடை பறக்கிறேன் என்று தெரிந்ததும், "நீங்க பறந்த பறப்புக்கு இந்நேரம் உலகத்தையே ஓசியில சுத்தியிருக்கலாமே. பாயிண்ட் சேக்கலையா?" என்றார். அவர்தான் சொல்லிக்கொடுத்தார். டிக்கெட் யார் காசில் போட்டாலும் பாயிண்ட் பறக்கிறவருக்குத்தான். மூன்று வருஷத்துக்குள் எடுக்கவில்லை என்றால் செத்துப்போகும். தனியாகச் சேர்த்தால் மெதுவாக ஏறும். குடும்பத் திட்டம் என்று ஒன்று இருக்கிறது. குடும்பத்தில் எல்லாருடைய பாயிண்டும் ஒரே பானையில் போய் விழும். குடும்பத் தலைவர் எடுத்து யாருக்கு வேண்டுமானாலும் டிக்கெட் போடலாம்.

அடுத்த நடையில் ஐந்து ஃபாரம் வாங்கினேன். குடும்பத் தலைவர் என்ற இடத்தில் என் பேர். மற்ற நான்கு பேரும் யார்? ஃபாரத்தில் அப்பா, அம்மா, மனைவி, பிள்ளைகள், இவ்வளவுதான் இருந்தது. அண்ணன் தம்பி, அக்கா தங்கச்சிக்கு இடமே இல்லை. புதுக்கோட்டைக்காரர்கள் என் பிள்ளைகள் ஆனார்கள். நாச்சிமுத்து என் அப்பா. சிரிக்காதீங்கம்மா, அவருக்கு என்னைவிட நாலு வயசுதான் அதிகம். பவுனாம்பாள் மிச்சம். என் மனைவி பிலோமினா விமானத்தில் கால் வைக்காதவள். அந்த இடம் சும்மா தானே கிடக்கிறது என்று, மனைவி என்ற இடத்தில் பவுனாம்பாள் பேரை எழுதிவிட்டேன்.

"எங்கண்ணே கையெழுத்து?" என்றாள். காட்டினேன். போட்டாள்.

"என்ன ஃபாரம் இது?"

"பாயிண்ட் சேர. நம்ம எல்லாருக்கும்."

பொய் இல்லையே. நம்ம எல்லாருக்கும் என்றுதான் சொன்னேன். அப்போது அப்படித்தான் நினைத்தேன் என்றுகூட நினைக்கிறேன்.

மற்ற மூன்று பேரும் அதை மறந்தே போனார்கள். பவுனாம்பாள் மட்டும் மறக்கவில்லை. அதற்கு ஒரு காரணம் உண்டு. அவளுக்கு ஒரே மகள், மங்கையர்க்கரசி. நர்ஸுக்குப் படித்தது. வேறு சாதிப் பையனைக் கட்டிக்கொண்டு வந்து நின்றபோது, "இனி என் வாசப்படி ஏறாத" என்று சொல்லிவிட்டாள். அந்தப் பெண்ணும் ஏறவில்லை. புருஷனோடு ஆஸ்திரேலியாவில் பெர்த் என்ற ஊருக்குப் போய்விட்டது. ஆறு வருஷம் பேச்சில்லை. ஆறாவது வருஷம் ஒரு நாள் போன் வந்தது. முழுகாமல் இருக்கிறேன் அம்மா, அவருக்குச் சுரங்கத்தில் வேலை, மாசத்தில் பாதி நாள் வீட்டில் இருக்கமாட்டார், பயமாக இருக்கிறது, வருகிறாயா என்று. மூன்று வருஷ விசா எடுத்து அனுப்பிவிட்டது. டிக்கெட்டும் போடுகிறேன் என்றது.

பவுனாம்பாள் வேண்டாம் என்றுவிட்டாள்.

"ஏன் பவுனு, புள்ள தானே போடுது?" என்று கேட்டேன்.

"வேணாண்ணே. அவ காசுல ஏறிப் போனா, அன்னிக்கு நான் சொன்ன வார்த்தைக்குக் கூலி வாங்குன மாதிரி ஆயிரும். இந்த முதுகு சொமந்த சொமைக்குச் சேந்த பாயிண்ட் இருக்குல்ல, அதுல போறேன். நானா வந்தேன்னு அவளுக்குத் தெரியணும்." பிறகு கேட்டாள்: "பெர்த்துக்குப் போவுமாண்ணே நம்ம பாயிண்ட்?"

இதைக் கேட்கிறபோது பானை காலி. ரொம்பக் காலி. அதற்கு ஒன்பது நாள் முன்னால்தான் எனக்கும் பிலோமினாவுக்கும் ரோமாபுரிக்கு இரண்டு டிக்கெட் எடுத்திருந்தேன். ஊர் சுற்ற இல்லைம்மா. திருயாத்திரை.

ரத்து பண்ணியிருக்கலாம். இதை நீங்கள் கேட்பதற்கு முன்னால் நானே சொல்லிவிடுகிறேன். பதினைந்து நாளைக்குள் ரத்து பண்ணினால் பாயிண்ட் முழுசாகத் திரும்பி வந்துவிடும் என்று எனக்குத் தெரியும். ஆறு நாள் மிச்சம் இருந்தது. ஆனால் பிலோமினா கோயிலில் எல்லாரிடமும் சொல்லிவிட்டாள். பாலக்கரையில் பாதிப் பேர், "எங்களுக்காகவும் அங்கே வேண்டிக்கொள்ளுங்கள்" என்று துண்டுச்சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டார்கள். முப்பது வருஷமாக அவளை வேளாங்கண்ணியைத் தாண்டி நான் கூட்டிப் போனதில்லை. அவள் முகத்தைப் பார்த்து எப்படி இல்லை என்று சொல்வது? பவுனாம்பாள் முகத்தைப் பார்த்துச் சொல்வது சுலபமாக இருந்தது. அவள் என்னை நம்புகிறவள்.

"இன்னும் பத்தலை பவுனு. ஒரு ஆறு மாசம் ஆவும்" என்றேன்.

அவள் விரலை மடக்கிப் பார்த்தாள். "புள்ளைக்கு அஞ்சு மாசத்துல நாள் வருதுண்ணே. வாரம் ஒண்ணுக்கு ரெண்டு நடை போனா?"

"போனா, சேரும்" என்றேன்.

அதற்கப்புறம் வாரத்துக்கு இரண்டு நடை போக ஆரம்பித்தாள். எவனாவது உடம்பு சரியில்லை என்றால் அவன் சரக்கையும் இவள் தூக்குவாள். இடது முட்டி வீங்கிப்போய் விமானத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு, முன் சீட்டுக்கு அடியில் காலை நீட்டிக்கொண்டு வருவாள். ஏணிப்படியில் அவள் இறங்குவதைப் பார்க்கமாட்டேன். முன்னால் வேகமாகப் போய்விடுவேன். ஒவ்வொரு நடையிலும் கேட்பாள், "இன்னும் எவ்வளவுண்ணே?" நானும் கைபேசியை எடுத்துப் பார்க்கிற மாதிரி பார்த்துவிட்டு, "ஏறிக்கிட்டு இருக்கு, ஏறிக்கிட்டு இருக்கு" என்பேன். ஏறிக்கொண்டுதான் இருந்தது. நேரத்துக்குத்தான் போய்ச் சேராது.

நாங்கள் ரோமாபுரிக்குப் போகிறோம் என்று தெரிந்ததும் என் வீட்டுக்கு வந்தாள். டிக்கெட் எப்படி என்று கேட்கவில்லை. வேலைக்குப் போகிற என் பையன் போட்டிருப்பான் என்று அவளாகவே நினைத்துக்கொண்டாள், நானும் விட்டுவிட்டேன். முந்தானை முடிச்சை அவிழ்த்து நூறு ரூபாய்த் தாள் ஒன்றை எடுத்தாள். "எந்தச் சாமியா இருந்தா என்னண்ணே. எம்பொண்ணு நல்லபடியா பெத்துப் பொழைக்கணும்னு ஒரு மெழுகுத்திரி ஏத்துங்க" என்றாள்.

ஏற்றினேன். ஏற்றாமல் இல்லை. அந்த நூறு ரூபாய் அங்கே ஒரு தீக்குச்சிக்குக் காணாது. என் கைக்காசையும் போட்டுப் பெரிய மெழுகுத்திரியாகவே வாங்கி ஏற்றினேன். அந்த விஷயத்தில் ஒருத்தரும் என்னைக் குறை சொல்லமுடியாது.

நாங்கள் அங்கே இருக்கும்போதுதான் குழந்தை பிறந்தது. பெண் குழந்தை. புருஷன் சுரங்கத்திலிருந்து வந்து சேருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அந்தப் பெண் ஒண்டியாகக் கிடந்து பெற்றிருக்கிறது. நான் திரும்பி வந்ததும் பவுனாம்பாள் சொன்னாள். "போன் பண்ணுனாண்ணே. 'ஒரு எட்டு வர மனசில்லையாம்மா ஒனக்கு'ன்னு கேட்டா. நான் பாயிண்ட் சேத்துக்கிட்டு இருக்கேன்டின்னேன். 'போதும்மா ஒன் வீம்பு'ன்னு வச்சுட்டா. இப்ப எடுக்க மாட்டேங்கறா." அழவில்லை. முறுக்குப் பொட்டலத்தைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டே சொன்னாள். "மெழுகுத்திரி ஏத்துனீங்களாண்ணே?"

"ஏத்துனேன் பவுனு."

"அதான் தாயும் புள்ளையும் நல்லாருக்காங்க."

அந்த வாரமே கோயிலில், செய்த பாவத்தைச் சாமியாரிடம் சொல்கிற பாவசங்கீர்த்தனத்துக்குப் போய் முழங்கால் போட்டேன். புதுச் சாமியார், சின்ன வயசு.

"ஒரு பொம்பளையோடத எடுத்துட்டேன் சாமி."

கம்பிக்கு அந்தப் பக்கம் சாமியார் நிமிர்ந்து உட்கார்ந்தது கேட்டது. "என்ன எடுத்தீங்க?"

"பாயிண்ட் சாமி."

"அப்படின்னா?"

விளக்கிச் சொன்னேன். விமானம், மைல், குடும்பத் திட்டம், மனைவி என்று எழுதினது, எல்லாம். எனக்குப் பின்னால் வரிசையில் ஒரு கிழவி இருமிக்கொண்டே இருந்தாள்.

"அது பணமா?" என்றார்.

"பணம் இல்லை சாமி."

"பொருளா?"

"கண்ணால பார்க்க முடியாது சாமி."

"அந்தப் பணத்த வச்சு என்ன பண்ணுனீங்க?"

"பணம் இல்லை சாமி. ரோமாபுரிக்குப் போயி கும்பிட்டுட்டு வந்தோம்."

"மூணு அருள் நிறைந்த மந்திரம் சொல்லுங்க" என்றார்.

சொன்னேன். மூன்றுக்கு முப்பதாகச் சொன்னேன். அப்படியும் மனசு ஆறவில்லை. பவுனாம்பாளிடம் சொல்லிவிடலாம் என்று இரண்டு தடவை போனேன். மன்னிச்சிடு என்ற வார்த்தை வாய் வரைக்கும் வந்தது, வாயைத் தாண்டவில்லை. பானை மறுபடியும் நிறைந்துகொண்டு இருக்கிறதே, அவளை அனுப்பிவிட்டால் சரியாகிவிடும், அப்புறம் எதற்குச் சொல்லி மனசைப் புண்படுத்துவது என்று இருந்துவிட்டேன். அவள் மனசைத்தான் சொல்கிறேன்.

ஆனால் எப்போது அனுப்புவது? பானை நிறைய நிறைய எனக்கு ஒரு எண்ணம். பிலோமினாவுக்குப் பிரான்ஸில் இருக்கிற லூர்து மாதாவையும் பார்க்கவேண்டும் என்று ஆசை. இப்படியே மாசங்கள் ஓடிவிட்டன. குழந்தைக்கு ஒரு வயசு ஆகப்போகிறது. அந்தப் பெண் அம்மாவின் போனை எடுக்கவே இல்லை.

அப்போதுதான் கவுண்டருக்கு ஒரு புதுப் பெண் வந்தது. இதே ஏர்போர்ட்தான், அதோ அந்த மூன்றாவது கவுண்டர். எல்லாரிடமும் சிரித்துச் சிரித்துப் பேசுகிற பெண். வரிசையில் பவுனாம்பாள் முன்னால், நடுவில் ஒரு குடும்பம், அப்புறம் நான். அந்தப் பெண் பாஸ்போர்ட் எண்ணைக் கம்ப்யூட்டரில் தட்டிவிட்டுச் சொல்லுகிறது:

"மேடம், நீங்க ஒங்க வீட்டுக்காரரோட குடும்பத் திட்டத்துல இருக்கீங்க. இருதயராஜ் சார். போன வருஷம் ரோமுக்கு ரெண்டு டிக்கெட் எடுத்திருக்கீங்க, யாத்திரை நல்லா இருந்துச்சா?"

கட்டின புருஷன் செத்துப் பதினொரு வருஷம் ஆன பொம்பளையிடம், பத்துப் பேர் நிற்கிற வரிசையில் கேட்கிறது. கத்துவாள், திரும்பி என் சட்டையைப் பிடிப்பாள் என்று நினைத்தேன். பிடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அவள் கண்ணாடிக்குக் கிட்டே குனிந்தாள். "நல்லா இருந்துச்சு கண்ணு. இப்ப மிச்சம் எவ்வளவு இருக்கு?"

"நெறைய இருக்கு மேடம். இந்த வருஷம் நீங்க வாரம் ரெண்டு தடவை பறந்திருக்கீங்களே."

"பெர்த்துக்குப் போவுமா?"

"ஒருத்தர் தாராளமா போயிட்டு வரலாம்."

"நான் கேட்டாக் குடுப்பீங்களா, அவரு வந்து கேட்டாத்தான் குடுப்பீங்களா?"

"குடும்பத் தலைவர், மனைவி, யார் கேட்டாலும் குடுப்போம் மேடம். ஃபாரத்துலயே போட்டிருக்குமே."

போட்டிருந்தது. கீழே, எறும்பு மாதிரி எழுத்தில். நான் அதைப் படிக்கவில்லை. படித்திருந்தால் அவளைப் பிள்ளை என்று எழுதியிருப்பேன்.

அன்றைக்கு விமானத்தில் எப்போதும் போல என் பக்கத்து சீட்டில் உட்கார்ந்தாள். எப்போதும் போல என் சாப்பாட்டுத் தட்டிலிருந்து ஊறுகாய்ப் பொட்டலத்தை எடுத்துக்கொண்டாள். எப்போதும் போல ஃபாரத்தை நீட்டினாள், எழுதிக் கொடுத்தேன். இன்னும் எவ்வளவுண்ணே என்று மட்டும் கேட்கவில்லை. அந்த நாலு மணி நேரம் மாதிரி என் வாழ்க்கையில் இன்னொரு நாலு மணி நேரம் வரக்கூடாது.

இருபது நாள் கழித்துக் கைபேசியில் செய்தி வந்தது. பவுனாம்பாள், திருச்சியிலிருந்து பெர்த், போக வர. மீதி என்று ஒரு சின்ன எண். அதில் ஒரு டீ கூட வாங்கமுடியாது.

சந்தோஷம்தான் பட்டேன். நம்புங்கம்மா, அரை நாழிகை சந்தோஷமே பட்டேன். அப்புறம்தான், இவள் போகிறதுக்கு முன்னால் வீட்டுக்கு வருவாளே, பிலோமினாவிடம் சொல்லிவிடுவாளே என்று பயம் பிடித்தது.

வந்தாள். ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து நாங்கள் வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றவில்லை. தட்டில் வெற்றிலை பாக்கு, பழம், பூ, அதற்கு மேலே டிக்கெட் தாள். பிலோமினா, "வா பவுனு" என்று கூப்பிட்டு உட்காரவைத்தாள். நான் கதவோரமாகவே நின்றேன்.

"எம்மவளப் பாக்கப் போறேன்க்கா. போன எடுக்காட்டியும் வாசல்ல போயி நிக்கிறேன். அண்ணன்தான் டிக்கெட் போட்டுக் குடுத்தாரு."

பிலோமினா என்னைத் திரும்பிப் பார்த்தாள். "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையே."

"சொல்லிட்டுச் செய்யற ஆளாக்கா அண்ணன்?" என்றாள் பவுனாம்பாள். என்னைப் பார்க்காமலே சொன்னாள்.

பிலோமினாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "இந்த மனுசன்கூட முப்பது வருஷம் இருந்திருக்கேன், எனக்கே தெரியலை பாரேன்" என்றாள். நான் சுவரில் இருந்த இருதய ஆண்டவர் படத்தைப் பார்த்தேன். அப்புறம் அதையும் பார்க்க முடியவில்லை, காலண்டரைப் பார்த்தேன்.

"எனக்குக் கூடப்பொறந்தவன் கெடையாதுக்கா. எம்பொண்ணுக்கும் கெடையாது. பேத்திக்கு அடுத்த வருசம் அங்கயே வச்சுக் காது குத்தணும். தாய்மாமன் எடத்துல மடியில வச்சுக்க ஆளு வேணுமே. அண்ணன்தான் வரணும்."

"வராம?" என்றாள் பிலோமினா. "அவர் வராம யாரு வருவா? கையோட சீரும் கொண்டாந்து செய்வாரு. இரு, பொறந்த வீட்டுலேர்ந்து வெறுங்கையோடயா போவ?" சேலை எடுக்க உள்ளே போனாள். பீரோ திறக்கிற சத்தம் கேட்டது.

நானும் அவளும் மட்டும் நின்றோம். மன்னிச்சிடு பவுனு என்று சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் அவள் வீங்கின முட்டியை மடக்கி, தரையில் கையை ஊன்றி, என் காலில் விழுந்துவிட்டாள். அண்ணன் காலில் தங்கச்சி விழுகிற மாதிரி. காலை இழுத்துக்கொள்ளலாம் என்று பார்த்தேன், இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். கெட்டியாகப் பிடித்திருந்தாள். குனிந்தபடியே, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னாள்:

"காது குத்துக்கு எனக்கு ஒண்ணு, ஒங்களுக்கு ஒண்ணு. ரெண்டு டிக்கெட்டுண்ணே. நான் வர ஆறு மாசமாவும். அதுவரைக்கும் நீங்க வாரம் ரெண்டு நடை போங்க. சேரும்."

பிலோமினா சேலையோடு வந்து நீட்டினாள். பவுனாம்பாள் எழுந்தாள், கையை நீட்டவில்லை. "அண்ணன் கையால குடுக்கச் சொல்லுங்கக்கா" என்றாள். பிலோமினா சேலையை என் கையில் வைத்தாள். நான் கொடுத்தேன். அவள் முந்தானையை விரித்து அதில் வாங்கிக்கொண்டாள்.